கொழிஞ்சியேந்தலில் யாருக்கும் ஒன்றுமில்லை

நூற்றுப் பன்னிரண்டு. திரையின் கீழ்மூலையில் எண் ஏறுகிறது. நூற்றுப் பதின்மூன்று. தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றொன்பது வரை ஏற வேண்டும், மணி இரண்டே இருபது, ஐந்துக்குள் முடிந்தால் என் அதிர்ஷ்டம். ஒவ்வொரு எண்ணுக்கும் ஒரு வரைபடம். இந்த நகரத்திலும் சுற்றியுள்ள மூன்று ஒன்றியங்களிலும் கிட்னி கெட்டுப்போன ஆயிரத்து இருநூற்றாறு பேரையும் அவரவர் வீட்டிலிருந்து தூக்கி, கண்ணை மூடிக்கொண்டு ஊர்கள்மேல் எறிகிறது கம்ப்யூட்டர். சனம் அதிகமுள்ள ஊரில் அதிகம் விழும், குறைந்த ஊரில் குறைவாக விழும், மற்றபடி யார் தலையில் என்று ஒரு நியாயமும் கிடையாது. எறிந்து பார்த்துவிட்டு எல்லோரையும் பொறுக்கியெடுத்து மறுபடி எறியும். நோய் குருடாக இருந்தால் இந்த மண்ணில் எப்படியெல்லாம் விழுந்திருக்கும் என்று இத்தனை தடவை பார்த்த பிறகு, நிஜத்தில் விழுந்திருப்பதைப் பக்கத்தில் வைத்து, இது தற்செயலா இல்லையா என்று சொல்லும். பயிற்சி வகுப்பில் இதைச் சோழி உருட்டுவது மாதிரி என்று விளக்குவேன், எல்லோரும் சிரிப்பார்கள். எனக்கு இன்று சிரிப்பு வரவில்லை. இது முன்பு தடுப்பூசி வைத்திருந்த அறை. பெட்டிகளைக் கொண்டுபோய்விட்டார்கள், குளிர் மட்டும் போகவில்லை, வெளியே சித்திரை வெயில் காய்ச்சும்போதும் இந்தச் சுவரைத் தொட்டால் கை சில்லிடுகிறது. ஜன்னல் கிடையாது. மற்றவர்கள் களப்பணிக்குப் போய்விட்டார்கள், டாக்டர் ரெஜினா கலெக்டர் ஆபீசில் நாளைய கூட்டத்துக்குப் பேசிக்கொண்டிருக்கிறார், ஐந்து மணிக்கு அவர் கைக்கு மேப் போக வேண்டும். நூற்றுப் பத்தொன்பதில் யாரோ ஒருத்தர் தப்பித்தார், நூற்றிருபதில் மறுபடி சிக்கிக்கொண்டார். அவருக்கு இது தெரியாது. அவர் எங்கோ சாப்பிட்டுவிட்டுக் கட்டிலில் படுத்திருப்பார், இங்கே நான் அவரைத் தூக்கித் தூக்கிப் போட்டுக்கொண்டிருக்கிறேன்.

எங்கே கும்பல் அதிகம் என்று ஆரம்பத்திலேயே வட்டம் போட்டுக் காட்டிவிடும், அந்த வட்டம் நிஜமா என்று சொல்லத்தான் இத்தனை எறிதல். முதல் சிவப்பு வட்டம் நகரத்துக்குள்ளேயே, மணிக்கூண்டுத் தெருவில் விழுந்தது. வட்டத்தின் நடுப்புள்ளியைப் பெரிதாக்கினேன். தெரு வந்தது, தையல் கடை வந்தது, வேப்பமரம் வந்தது, பன்னிரண்டாம் எண் வந்தது. மகளிர் விடுதி. எட்டு வருஷம் நான் தங்கியிருந்த விடுதி. தபாலில் என் விலாசம், பஞ்சவர்ணம், மாடி, மூன்றாவது அறை. உடனே எனக்கு அந்தத் தண்ணீரின் ருசி நாக்கில் வந்துவிட்டது, எவ்வளவு நேரமாக அங்கேயே இருந்ததோ. மாடித் தொட்டித் தண்ணீர், லேசாக இரும்பு வாடை, காலையில் முதல் தம்ளரில் அடியில் மணல்மாதிரி ஏதோ நிற்கும், எட்டு வருஷம் அதைத்தான் குடித்தேன். மேஜைக்கு அடியில் செருப்பைக் கழற்றிக் கணுக்காலுக்கு மேலே கட்டைவிரலால் அழுத்தினேன். குழி விழுந்தால் வீக்கம், உடனே எழும்பினால் ஒன்றுமில்லை. எழும்பியது. இடது காலில் அழுத்தினேன், எழும்பியது, கொஞ்சம் மெதுவாக எழும்பியதோ என்று மறுபடி அழுத்தினேன். கிட்னி எப்படி என்று காட்டும் கிரியேட்டினின் போன வருஷம் பார்த்தபோது புள்ளி ஒன்பது, அது நல்ல அளவு, அது போன வருஷம். என்னோடு இருந்தவர்கள் ஞாபகத்துக்கு வந்தார்கள், வங்கி வேலைக்குப் படித்தவள், ராத்திரி பூராவும் இருமியவள், கல்யாணமாகிப் போகும்போது தன் பக்கெட்டை எனக்குக் கொடுத்துவிட்டுப் போனவள். இவர்களில் யார்? பதினோரு புள்ளிகள் ஒன்றின்மேல் ஒன்றாக ஒரே வாசற்படியில் கிடக்கின்றன. பெயர்ப் பட்டியலைத் திறக்காமல் கொஞ்ச நேரம் எண்ணையே பார்த்துக்கொண்டிருந்தேன். இருநூற்று நாற்பது. இருநூற்று நாற்பத்தொன்று. நான் சாதாரணமாகப் பெயர் பார்ப்பதில்லை. பெயர் பார்த்தால் வேலை ஓடாது.

பார்த்தேன். பதினோரு பேரும் ஆண்கள். பெண்கள் விடுதியில் பதினோரு ஆண்கள், வயது ஐம்பத்தெட்டு, அறுபத்தொன்று, நாற்பத்து நான்கு, முப்பத்தொன்பது. சிரிப்பு வந்திருக்க வேண்டும், முதுகில்தான் ஏதோ ஊர்ந்தது. முதல் பெயர் பூமிநாதன். என் அப்பா. இறந்து மூன்று வருஷமாகிறது. நான்கு வருஷத்துக்கு முன்பு பெரிய ஆஸ்பத்திரியில் சீட்டு எழுதும் இடத்தில் ஊர் கேட்டபோது நான்தான் முந்திக்கொண்டு, பன்னிரண்டு, மணிக்கூண்டுத் தெரு என்று சொன்னேன். அப்பா என்னைத் திரும்பிப் பார்த்தார், எங்கள் ஊரில் எல்லோரும் வேறு ஊர் விலாசம்தான் கொடுப்பார்கள். ஆனால் நான் எல்லோரும் இல்லையே. விலாசம் தப்பினால் வரைபடமே தப்பு என்று சுகாதார நிலையம் சுகாதார நிலையமாகப் போய் வகுப்பெடுத்தவள். அன்றைக்குக்கூட என் பையில் அந்த வகுப்புக்கான தாள்கள் இருந்தன. அப்பாவுக்குக் கீழே காத்தலிங்கம். காத்தலிங்கம் சித்தப்பா. அதற்குக் கீழே டிராக்டர் ஓட்டும் செல்லப்பாண்டி, அதற்குக் கீழே எனக்கு மூன்றாம் வகுப்பில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த ராமசுப்பு, அவனுக்கு முப்பத்தொன்பதா, ஆமாம், நானே முப்பத்தெட்டைத் தாண்டிவிட்டேனே. பதினோரு பேரும் கொழிஞ்சியேந்தல், எங்கள் ஊர். எப்படி வந்தார்கள் என் வாசலுக்கு என்று திகைத்து உட்கார்ந்திருந்தபோது அம்மாவின் கையெழுத்து ஞாபகத்துக்கு வந்தது. தினசரி காலண்டர் தாளைக் கிழித்து, பின்பக்கத்தில் என் விடுதி விலாசத்தைக் கோணல்மாணலாக எழுதி வைத்திருப்பாள், கடுதாசி போட என்றுதான் நினைத்திருந்தேன். கேட்டவர்களுக்கெல்லாம் கொடுத்திருக்கிறாள். அப்புறம் அந்த வார்டன் அம்மாள். இங்க ஆம்பளைப் பேருக்கெல்லாம் தபால் வருதும்மா, ஆஸ்பத்திரித் தபால், என்று ஒருநாள் கையில் நான்கைந்து கவரோடு நின்றார். எனக்கு வேலைக்கு நேரமாகிக்கொண்டிருந்தது, எல்லாம் அப்பாவுடையதாகத்தான் இருக்கும், திருப்பி அனுப்பிவிடுங்கள் என்று சொல்லிவிட்டுப் படியிறங்கிவிட்டேன். பெயரைப் பார்க்கவில்லை. அன்றைக்கும் பார்க்கவில்லை.

முந்நூற்றுத் தொண்ணூறு. எங்கள் ஊரில் யாரும் கிட்னியில் சாவதில்லை. நெஞ்சுவலியில் சாவார்கள், சர்க்கரையில் சாவார்கள், சொந்தக்காரர் வீட்டுக்குப் போன இடத்தில் சாவார்கள். பத்து வருஷத்துக்கு முன்பு அப்படியில்லை, அப்போது வாயைத் திறந்து பேசிக்கொண்டிருந்தார்கள், எங்கள் தெருவில் ஒரே வருஷத்தில் மூன்று சாவு, மூன்றும் ரத்தத்தில் உப்புக் கூடி, கிட்னி கெட்டுப்போய். அந்த வருஷம்தான் எனக்குக் கல்யாணப் பத்திரிகை அடித்தார்கள். மாப்பிள்ளை வீட்டிலிருந்து இரண்டு பேர் வந்து, அடிபம்பு பக்கத்தில் நின்று யாரிடமோ விசாரித்துவிட்டு, காப்பிகூடக் குடிக்காமல் போனார்கள். மறுநாள் போன் வந்தது. பெண்ணில் குறை ஒன்றுமில்லை, ஊர்தான், என்றார்கள். மீதமிருந்த பத்திரிகைகளை அப்பா அடுப்பில் போட்டார், மஞ்சள் தடவிய ஓரங்கள் கடைசியாக எரிந்தன. அதற்கப்புறம் காளி கோவிலில் ஊர்க்கூட்டம். ஒரு பிள்ளைக்கு நடந்தது போதும், இனி எந்த ஆஸ்பத்திரியிலும் ஏந்தல் என்று சொல்லக் கூடாது என்று முடிவு. சத்தியம்கூட வாங்கவில்லை, தலையாட்டினார்கள், அவ்வளவுதான், பத்து வருஷமாக ஒருத்தர்கூட மீறவில்லை. குப்பை வண்டி வரவேண்டும் என்பதில் ஒத்துப்போகாத ஊர் இதில் ஒத்துப்போனது. எனக்காகத்தான். ஊரே எனக்காக வாயை மூடிக்கொண்டது என்று அப்போது எவ்வளவு அழுதேன், நன்றியில் அழுதேன். என் வேலைப் பதிவேட்டில்கூடச் சொந்த ஊர் என்ற இடத்தில் பஸ் மாறும் ஊரின் பெயர்தான் இருக்கிறது. ஆகவே இந்த வரைபடத்தில் கொழிஞ்சியேந்தல் வெள்ளை. சுற்றிலும் ஊருக்கு ஊர் சிவப்பு தூவியிருக்கிறது, நடுவில் இரண்டாயிரத்து முந்நூறு பேர் உள்ள ஊர் கழுவித் துடைத்த தட்டு மாதிரி இருக்கிறது. இதுவரைக்கும் அதை நான் பார்க்காமல் இருந்தேன் என்று சொன்னால் பொய். பார்த்துவிட்டுக் கண்ணை நகர்த்திக்கொள்வேன். நாம் சிவப்பைத்தானே தேடுகிறோம், வெள்ளையை யார் தேடுவார்கள். டாக்டர் ரெஜினா தேடச் சொல்லிவிட்டார். காலையில் வந்து, இந்த முறை குறைவான இடத்தையும் சேர்த்து ஓட்டு, வர்ணம், ஆரோக்கியமான ஊர் ஒன்றைக் கலெக்டர் கௌரவிக்க விரும்புகிறார், கேடயம் கொடுக்கலாம் என்றார். சிவப்பு வட்டங்களுக்குப் பரிசோதனை முகாமும் சுத்திகரித்த தண்ணீரும் போகும். வெள்ளைக்குக் கேடயம் போகும்.

மூன்றே கால் வாக்கில் சங்கவி போன் செய்தாள். என் தங்கை, என்னைவிடப் பதின்மூன்று வயது இளையவள், வெள்ளிக்கிழமை அவளுக்குப் பூ வைக்கிறார்கள், நாலு நாள் இருக்கிறது. ரவிக்கை தைத்து வந்தது கை இறுக்கம், பூக்காரரிடம் சொல்லியாகிவிட்டது, மாப்பிள்ளையின் மாமா மறுபடி பேசினார், என்று வரிசையாகச் சொல்லிக்கொண்டே போனாள். அந்த மாமாவை எனக்குப் பிடிக்கவில்லை. பெண் பார்க்க வந்த அன்று அம்மா சொம்பில் தண்ணீர் கொடுத்தாள், அவர் வாங்கி, கையில் வைத்திருந்து, பேச்சு முடிகிறவரை வைத்திருந்து, அப்படியே ஜன்னல் திட்டில் வைத்துவிட்டார். கலர் வந்ததும் அதைக் குடித்தார். எல்லோரும் பார்த்தோம், யாரும் பார்த்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை. அவருக்கு என்ன தெரியும், யாராவது சொன்னார்களா, இல்லை, ஒரு மாடு குட்டைத் தண்ணீரை மோந்து பார்த்துவிட்டு ஒதுங்குகிற மாதிரி ஒதுங்கினாரா. சங்கவி பேசிக்கொண்டே இருந்தாள், எண் ஐந்நூற்று எழுபதைத் தாண்டியது, நான் ம் கொட்டிக்கொண்டிருந்தேன். அப்போதுதான் அதைச் சொன்னாள்.

"கொலுசு சேர மாட்டேங்குதுக்கா. போன வாரம் போட்டுப் பாத்தப்ப சேந்துச்சு."

எந்தக் கால் என்று கேட்டேன். ரெண்டும்தான் என்றாள், மாடிக்கும் கீழுக்கும் ஏறி இறங்கிக் கால் தடித்திருக்கும், இந்த வெயிலுக்கு எல்லோருக்கும்தான் தடிக்கிறது, கடையில் மாற்றிக் கொடுப்பார்களா என்று கேட்டுச் சொல்லு என்றாள். காலையில் எழுந்ததும் முகம் எப்படி இருக்கிறது என்று கேட்க நினைத்தேன், கண்ணுக்குக் கீழே உப்பியிருக்கிறதா என்று. கேட்கவில்லை. கேட்கிறேன் என்று மட்டும் சொல்லிவிட்டு வைத்துவிட்டேன். அப்பாவுக்கும் செருப்புத்தான் முதலில் இறுகியது. மழையில் தோல் சுருங்கிப்போச்சு என்று வாரைத் தளர்த்திக்கொண்டார், அப்புறம் வாரை அறுத்துக்கொண்டார், அப்புறம் வெறுங்காலோடு நடந்தார். மேஜைக்கு அடியில் என் கால் இரண்டும் சில்லிட்டுப்போயிருந்தன, மறுபடி அழுத்திப் பார்த்தேன், என் கால் நன்றாகத்தான் இருக்கிறது, பன்னிரண்டு வயதுக்குமேல் நான் ஊரில் இருந்ததே விடுமுறைக்குத்தான், எனக்கு எதுவும் வராது. விடுதித் தண்ணீர் என்னை ஒன்றும் செய்யவில்லை. பாவம், அந்தத் தொட்டியைப் போய்ச் சந்தேகப்பட்டேன். அறுநூற்று இரண்டு. இந்நேரம் அப்பா எங்கே விழுந்திருப்பார்? இந்த எறிதலில் ஆற்றங்கரைப் பக்கம் ஏதாவது ஊரில் விழுந்து, அங்கே அவருக்கு வேறு வீடு, வேறு மகள்கள், மூத்தவளுக்குக் கல்யாணம் முடிந்து பேரன்கூட இருக்கலாம். அடுத்த எறிதலில் அதுவும் கலைந்தது. இந்த விசிறிச் சத்தத்துக்கு நடுவே யாரோ மூச்சு வாங்குகிற மாதிரி கேட்டது, கம்ப்யூட்டரின் உள்விசிறிதான், தூசி அடைத்திருக்கிறது, தெரியும், ஆனாலும் திரும்பிப் பார்த்தேன். தடுப்பூசிப் பெட்டி இருந்த இடத்தில் சதுரமாக ஒரு ஈரம். யாரோ உட்கார்ந்து எழுந்து போன மாதிரி.

நான்கு இருபத்தைந்துக்கு முடிந்தது. விடுதி வட்டம், புள்ளி பூஜ்யம் பூஜ்யம் ஒன்று, தற்செயல் அல்ல. அது தெரிந்ததுதான். கீழே இறக்கினேன். குறைவான இடம், முதலாவது, கொழிஞ்சியேந்தல். இருந்திருக்க வேண்டியவர்கள் பதினான்கு புள்ளி ஆறு, இருப்பவர்கள் பூஜ்யம். அதற்கும் அதே புள்ளி பூஜ்யம் பூஜ்யம் ஒன்று. இதை வகுப்பில் எத்தனை தடவை எத்தனை பேருக்கு விளக்கியிருக்கிறேன், எனக்கு யாரும் விளக்கியதில்லை என்று அப்போதுதான் தோன்றியது. தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றொன்பது தடவை கண்ணை மூடிக்கொண்டு எறிந்ததில், எந்த மூலையிலும், ஒரு தடவைகூட, இவ்வளவு பெரிய வெறுமை விழவில்லை. எல்லாத் தடவையும் கொழிஞ்சியேந்தலில் யாரோ நோயில் விழுந்தார்கள், ஏழு பேரோ, இருபது பேரோ, ஏதோ ஒரு வீட்டில் யாரோ. பொய்யாகப் போட்ட அத்தனை உலகத்திலும் எங்கள் ஊர்க்காரர்கள் இருந்தார்கள். நாங்கள் இருக்கிற இந்த ஒன்றில் மட்டும் ஒருத்தரும் இல்லை. தலையெழுத்தின்மேல் பழியைப் போடவும் வழியில்லை, தலையெழுத்து இத்தனை தடவை எழுதிப் பார்த்தும் இப்படி ஒரு தடவைகூட எழுதவில்லை. இதைக் கையால் செய்திருக்கிறோம். உட்கார்ந்து, யோசித்து, அன்பாகச் செய்திருக்கிறோம். எனக்குப் பயமாக இருந்தது. திரையில் அந்த வெள்ளை என்னைப் பார்ப்பதாக இருந்தது, சின்ன வயதில் மூடிய கிணற்றின் பலகைச் சந்தில் கண்ணை வைத்தால் உள்ளிருந்து ஏதோ பார்க்குமே, அப்படி.

டாக்டர் ரெஜினா போனில் வந்தார். முடிந்துவிட்டதா, அந்த நல்ல ஊர் கிடைத்ததா என்றார். கிடைத்தது என்று பெயரைச் சொன்னேன். பத்து வருஷத்தில் இந்த அறையில் அந்தப் பெயரை நான் உரக்கச் சொன்னது அதுதான் முதல் தடவை. அருமை, அந்த ஊர்த் தண்ணீரை ஒரு பாட்டில் எடுத்துவரச் சொல்கிறேன், கூட்டத்தில் கலெக்டர் மேஜையில் வைக்கலாம், என்றார். ரொம்ப நல்ல மனுஷி, விளையாட்டாகத்தான் சொன்னார். "மேப் இன்னும் முடியல டாக்டர். பதினோரு பேரோட விலாசம் தப்பா இருக்கு. ஒண்ணு நானே தப்பாக் கொடுத்தது," என்றேன். சரிபண்ணி அனுப்பு, நான் காத்திருக்கிறேன் என்றார். பட்டியலில் பூமிநாதன் வரிக்குப் போனேன். மணிக்கூண்டுத் தெருவை அழித்தேன். கட்டம் காலியாக இருந்தது, கீற்று மாதிரி ஒரு கோடு மின்னி மின்னிக் காத்திருந்தது. மாப்பிள்ளையின் மாமா நாளை மறுநாள் இதைப் பேப்பரில் பார்ப்பார். காளி கோவிலில் தலையாட்டியவர்கள் பார்ப்பார்கள், காத்தலிங்கம் சித்தப்பா பெண்டாட்டி என் அம்மா முகத்தில் விழிக்க மாட்டாள், ஏந்தலில் இருக்கிற அத்தனை பெண் பிள்ளைகளுக்கும் நான் பதில் சொல்ல வேண்டும். கொலுசு சேரவில்லை. போன வாரம் சேர்ந்தது. ஊர்ப் பெயரை எழுத்து எழுத்தாக அடித்தேன். விடுதி வாசலில் பதினொன்று பத்தானது, வெள்ளைக்கு நடுவில், தெற்குத் தெரு முக்கில், ஒரு சிவப்புப் புள்ளி வந்து உட்கார்ந்தது. வீட்டுக்கு வந்துவிட்டீர்களா அப்பா என்று வாய்விட்டே கேட்டுவிட்டேன். பிறகு சித்தப்பா, செல்லப்பாண்டி, ராமசுப்பு, ஒவ்வொருத்தராக. அவர்கள் வீடு எது என்று பார்க்க எனக்குப் பட்டியல் தேவைப்படவில்லை. கடைசிப் புள்ளி வைத்ததும் மறுபடி ஓட்டு என்று பொத்தானை அழுத்தினேன், எண் ஒன்றிலிருந்து ஆரம்பித்தது, நான் சங்கவிக்குப் போன் போட்டேன்.

கொலுசு விஷயம் கேட்டியாக்கா என்றுதான் எடுத்தாள். நாளைக் காலை முதல் பஸ்ஸில் கிளம்பி வா, ஆஸ்பத்திரியில் ரத்தம் கொடுக்க வேண்டும், அம்மாவையும் கூட்டிக்கொண்டு வா, வெறும் வயிற்றோடு வா என்றேன். எதற்கு என்று கேட்கவில்லை. எங்கள் ஊரில் அதை யாரும் கேட்க மாட்டார்கள், எல்லோருக்கும் தெரியும்.

"ஊரு கேப்பாங்களே. என்ன சொல்ல? அத்தை ஊரச் சொல்லிறவா?"

"ஏந்தல்னு சொல்லு. கொழிஞ்சியேந்தல், தெற்குத் தெருன்னு சொல்லு."

"வெள்ளிக்கிழமை இருக்குல்லக்கா," என்றாள், சின்னக் குரலில். இருக்கு, எனக்குத் தெரியும் என்றேன். அவள் அழுவாள் என்று நினைத்தேன், அழவில்லை, பின்னால் அம்மா ஏதோ சத்தம் போட்டாள், குழாயில் தண்ணீர் விட்டுவிட்டார்களாம். ஒரு நிமிஷம் இருக்கா, குடத்தை வச்சிட்டு வர்றேன் என்று போனை அங்கேயே எங்கோ வைத்துவிட்டுப் போனாள். குடத்தில் தண்ணீர் விழுகிற சத்தம் கேட்டது, முதலில் அடியில் மோதி, பிறகு கனத்து, பிறகு மேலேறி மேலேறி. நிறுத்து என்று கத்தினேன். அவளுக்குக் கேட்கவில்லை, அடுத்த குடத்தை வைத்தாள்.